நான்கு பெயர்கள், ஒரே அளவு எழுத்து

இதில் யாருடைய பெயரையும் நான் எழுதப்போவதில்லை. பெயர்களை அச்சில் ஏற்றுவதுதான் பல வருஷங்களாக என் வேலை. ஒரு பெயரைக் காகிதத்தில் வைத்தால் என்னவெல்லாம் நடக்கும் என்று நேரில் பார்த்திருக்கிறேன்.

செங்கல்பட்டில் பேருந்து நிலையத்தை ஒட்டிய சந்தில் இருந்தது எங்கள் அச்சகம். பத்தாம் வகுப்பு முடித்துவிட்டு அங்கே சேர்ந்தேன். தொண்ணூறுகளின் ஆரம்பத்தில் ஈய எழுத்துகளைக் கோத்தேன். பிறகு கம்ப்யூட்டர் வந்தது. முதலாளி அதன்மேல் பிளாஸ்டிக் உறையைப் போட்டு இரண்டு வாரம் யாரையும் தொடவிடவில்லை. உறையை எடுத்தவள் நான்தான். மூன்றாவது மாதத்தில் கல்யாணப் பத்திரிகை, காதுகுத்து, கண்ணீர் அஞ்சலி எல்லாம் என் விரல் வழியாகத்தான் போயின. கை ஓடிய வேகத்துக்கு எனக்கு வாய் ஓடாது. ஆள் வந்து நின்றால் திரையைப் பார்த்தபடியே தலையாட்டுவேன். "இந்தப் பொண்ணு பேசவே பேசாதா?" என்று கேட்பவர்களிடம் முதலாளி, "பேசாம கீறதாலதான் தப்பில்லாம அடிக்குது, நீ மேட்டரக் குடு" என்பார்.

எங்கள் தொழிலில் பெயர்களின் வரிசையும் எழுத்தின் அளவும் சின்ன விஷயமில்லை. ஒருமுறை ஒரு தாய்மாமன் பள்ளிக்கூட ஸ்கேலோடு வந்து நின்றார். பத்திரிகையில் சித்தப்பாவின் பெயர் பதினாறு பாயிண்ட், இவர் பெயர் பதினாலு. "அவனுக்கு மட்டும் ஊதிக் குடுத்துக்கிறீங்க, நான் இன்னா பந்தல் போட வந்தவனா?" என்று கத்தினார். ஐந்நூறு பத்திரிகையையும் மறுபடி அடித்தோம்.

இப்படிப்பட்ட சண்டை வராமலிருக்கத்தான் மாப்பிள்ளை வீட்டார் தனிப் பத்திரிகை, பெண் வீட்டார் தனிப் பத்திரிகை அடிப்பது. அதே முகூர்த்தம், அதே மண்டபம், அதே ஜோடி. ஒன்றில் இவர்கள் முதலில், இன்னொன்றில் அவர்கள் முதலில். இரண்டிலும் பொய் கிடையாது. இரண்டையும் ஒரே நாளில் நானே அடித்திருக்கிறேன்.

சுனாமிக்கு முந்தைய வருஷம் தை மாதத்தில், கல்பாக்கம் நகரியத்திலிருந்து ஒருவர் வந்தார். விஞ்ஞானி. அங்கே நாலைந்து பேர் சேர்ந்து மாதம் ஒரு கச்சேரி நடத்திவந்தார்கள், அதற்கு இவர் செயலாளர். திருநெல்வேலிப் பக்கத்துக்காரர்.

"ஜெர்மனியில இருந்து நாலு பேரு வந்திருக்காங்க. வயலின் ரெண்டு, அதவிடக் கொஞ்சம் பெரிசு ஒண்ணு, காலுக்கு நடுவுல நிறுத்தி வச்சு வாசிக்கிறது ஒண்ணு. அடுத்த சனிக்கிழமை சாயங்காலம் நம்ம ஹால்ல கச்சேரி. நானூறு நோட்டீஸ் வேணும். முன்பக்கம் விவரம், பின்பக்கம் அவங்க குழுவோட வரலாறு."

"மிருதங்கம் யாரு சார்?" என்றார் முதலாளி.

"கிடையாது."

"கடம், கஞ்சிரா எதுனா?"

"ஒண்ணும் கிடையாதுங்கேன்."

"அப்ப தாளம்?"

"ஒருத்தர் மூச்ச இழுக்கறத வச்சு இன்னொருத்தர் பிடிச்சுக்கிடுவாங்களாம்."

"அது சரி. நல்லாத்தான் கீது போ" என்று முதலாளி மேட்டரை என் பக்கம் தள்ளினார்.

ஆங்கிலத்தில் தட்டச்சு செய்த இரண்டு தாள்கள். அவற்றோடு செயலாளர் கையால் எழுதிய தமிழ் ஒரு தாள். தமிழை மட்டும் அடித்தால் போதும். ஆனால் மூலத்தோடு ஒப்பிட்டுப் பார்க்காமல் எதையும் அடிப்பதில்லை என்பது என் பழக்கம். இரண்டு தாளையும் வீட்டுக்கு எடுத்துப்போய், பள்ளிக்கூட அகராதியை வைத்துக்கொண்டு மூன்று நாள் படித்தேன்.

ஒரு சின்ன ஊரில் இசைக் கல்லூரியில் படித்த நான்கு பேர் சேர்ந்து தொடங்கிய குழு அது. அறை வாடகைக்குக் கொடுத்தவர்கள் எல்லாம் சத்தம் தாங்காமல் காலி பண்ணச் சொன்னதால், கடைசியில் ஒரு டயர் ஒட்டும் பட்டறைக்கு மேலே இடம் பிடித்தார்களாம். அங்கே கீழே இருந்து வரும் சத்தம்தான் பெரிது, இவர்களை யாரும் குறை சொல்லவில்லை. ஒரு பழைய வேனில் ஊர் ஊராகப் போனார்கள். செல்லோ என்ற அந்தப் பெரிய வாத்தியத்துக்குத் தனி இருக்கை, அதற்கு பெல்ட்டும் போடுவார்கள். நால்வருக்கும் தலைவர் என்று யாரும் இல்லை. எதையும் ஓட்டுப் போட்டு முடிவு செய்வார்கள். நான்கு பேர் என்பதால் அடிக்கடி இரண்டுக்கு இரண்டு ஆகிவிடும். அப்போது இன்று ஒரு கட்சி சொன்னபடி வாசிப்பது, நாளை அடுத்த கட்சி சொன்னபடி. இதைப் படித்தபோது தனியாகச் சிரித்தேன்.

இதெல்லாம் செயலாளரின் தமிழிலும் இருந்தது. இல்லாமல் போனது நாலாவது பாரா. அதை அவர் தாண்டிவிட்டிருந்தார்.

அந்தப் பாராவில் இருந்தது இதுதான். குழு தொடங்கிப் பதினொரு வருஷம் கழித்து, வெளிநாட்டில் ஓர் அரங்கத்தார் கச்சேரிக்குப் போஸ்டர் அடித்தார்கள். முதல் வயலின்காரரின் பெயரையும் படத்தையும் பெரிதாகப் போட்டு, மற்ற மூவரைக் கீழே பொடியாகப் போட்டுவிட்டார்கள். அவர் கேட்டு வாங்கியதல்ல, ஆனால் வேண்டாம் என்றும் சொல்லவில்லை. அன்று வாசித்தார்கள், அதற்குப் பிறகு ஒன்றாக வாசிக்கவில்லை. ஒன்றரை வருஷம் குழுவே இல்லை. இரண்டாவது வயலின்காரர்தான் ஒவ்வொருவருக்கும் கடிதம் எழுதி மீண்டும் கூட்டினார். பழைய முதல் வயலின்காரர் வரவில்லை, அவர் இடத்துக்கு ஒரு பெண் வந்தார். அந்த இடத்துக்கு முதலில் இரண்டாவது வயலின்காரரையே வரச் சொன்னார்களாம், தன் இடம் இதுதான் என்று இருந்துவிட்டார். பிறகு செல்லோவுக்கும் ஓர் இளைஞர் புதிதாக வந்தார். அன்றிலிருந்து அவர்களுக்குள் ஒரே ஒரு நிபந்தனை: எங்கே போனாலும் நான்கு பெயரும் ஒரே அளவு எழுத்தில் இருக்க வேண்டும்.

மறுநாள் செயலாளர் வடிவம் சொல்ல வந்தார்.

"மெயின் ஆர்ட்டிஸ்ட் இந்தம்மா. இவங்க பேரு நடுவுல பெரிசா வரணும். மத்த மூணு பேரும் பக்கவாத்தியம்னு போட்டு கீழ சின்னதா."

அவர் மரியாதைக்காகத்தான் சொன்னார். கச்சேரி என்றால் நடுவில் ஒருவர், இருபக்கமும் பக்கவாத்தியம் என்றுதான் நாங்கள் எல்லோரும் பார்த்துப் பழகியிருக்கிறோம். சார், அந்த நாலாவது பாரா என்று சொல்ல நினைத்தேன். அவர் விஞ்ஞானி, நான் பத்தாவது. தலையாட்டினேன். நடுப் பெயரை முப்பத்தாறு பாயிண்டில் போட்டேன், மற்றவை பதினாலு. வெள்ளிக்கிழமை மாலை நானூறும் அச்சாகி வந்தன. நேர்த்தியான வேலை, அதில் எனக்குச் சந்தேகமில்லை. இருந்தும் நோட்டீஸ் கட்டை எடுத்துவைக்கும்போது அந்த நாலாவது பாராவை இன்னொரு முறை எடுத்துப் படித்தேன்.

சனிக்கிழமை காலையில் முதலாளி, "அந்த சாரு மாபலிபுரத்துலதான் கீறாராம். நீயே பஸ்ல போய்க் குடுத்துட்டு வந்துடு" என்று அனுப்பினார்.

ஜெர்மன் குழுவினர் அங்கே தங்கியிருந்த விடுதியின் சாப்பாட்டுக் கூடத்தில் மேசைகளை ஓரம் தள்ளிவிட்டு, நாலு நாற்காலி போட்டு ஒத்திகை நடந்துகொண்டிருந்தது. வாசலில் நின்றேன். எனக்குப் பாட்டு ஞானம் கிடையாது. ஆனால் ஒன்று கவனித்தேன்: யார் வாசிப்பதைக் கேட்க வேண்டும் என்று ஒரு முடிவுக்கு வருவதற்குள் அது அடுத்தவர் கைக்குப் போய்விட்டிருக்கும். திடீரென்று நிறுத்துவார்கள். ஏதோ வாக்குவாதம். முதல் வயலின் வாசிக்கும் அந்த அம்மா வில்லால் தாளைத் தட்டிக் காட்டுவார், வயலினைவிடக் கொஞ்சம் பெரிதான வயோலாவை வைத்திருந்தவர் முடியாது என்று தலையாட்டுவார். மறுபடி வாசிப்பு. பக்கத்துச் சிற்பக்கூடத்தில் உளிச் சத்தம் நிற்கவே இல்லை, அதை அவர்கள் சட்டை செய்ததாகத் தெரியவில்லை.

இடைவெளியில் செயலாளர் கட்டைப் பிரித்து ஆளுக்கொரு நோட்டீஸ் கொடுத்தார். இரண்டாவது வயலின்காரருக்கு ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். கூட்டத்தில் கடைசி ஆளாக நிற்பவர் போல ஒரு நிற்பு. அவருக்குத் தமிழில் ஓர் எழுத்துகூடத் தெரியாது. பெரிய எழுத்தின்மீது கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் வைத்து அளந்தார். விரல்களைக் குறுக்காமல் அப்படியே கீழே இறக்கி, சின்ன எழுத்துகளின்மேல் வைத்தார். இரண்டு வரி அந்த இடைவெளிக்குள் அடங்கிவிட்டது. நோட்டீஸை அந்த அம்மாவிடம் நீட்டினார். அவர் பார்த்துவிட்டு, அதை மேசையில் கவிழ்த்துவைத்தார். வயலினைப் பெட்டிக்குள் வைத்து மூடினார்.

இந்த நோட்டீஸோடு வாசிக்க முடியாது என்றார். கோபமாகச் சொல்லவில்லை. செயலாளர் முகம் சிவந்துவிட்டது. அவர்களிடம் ஆங்கிலத்தில் ஏதேதோ சொன்னார், பிறகு என் பக்கம் திரும்பினார்.

"நான் மரியாதைதானம்மா பண்ணினேன்? நானூறு பேரு வருவாங்க சாயங்காலம். இவங்களுக்கு என்னதான் கோவம்?"

"நீங்க விட்ட பாரா சார்" என்றேன்.

"எந்தப் பாரா?"

"நாலாவது. பேரு பெரிசு சின்னதா போட்டதுலதான் இவங்க முன்னாடி பிரிஞ்சாங்க."

"சண்டைய எதுக்கு நோட்டீஸ்ல போடணும்னு அத நான் முழுசாப் படிக்கவே இல்ல. நீ படிச்சியா?"

"படிச்சேன் சார்."

"படிச்சிட்டா இத அடிச்ச? ஒரு வார்த்தை சொல்லக் கூடாது?"

தப்பில் பாதி அவருடையது, பாதி என்னுடையது. என் பாதிதான் பெரிது. அவர் தெரியாமல் செய்தார்.

மணி பத்தரை. அளவைச் சரிசெய்து மறுபடி அடித்துவிடலாம் என்று செயலாளர் அவர்களிடம் சொன்னார். சரி என்றார்கள். யார் பெயரை முதலில் போடட்டும் என்று கேட்டார். அங்கேதான் அடுத்த சிக்கல், செயலாளர் சொல்லச் சொல்ல எனக்குப் புரிந்தது. அந்த அம்மா, இப்படி ஒன்று அச்சாகிவிட்ட பிறகு தன் பெயர் கடைசியில்தான் வர வேண்டும் என்றார். செல்லோ இளைஞர், நான் புதியவன், முதலில் வரமாட்டேன் என்றார். வயோலாக்காரர் கையை விரித்தார். இரண்டாவது வயலின்காரர் தலையை மட்டும் அசைத்தார், அவர் முதலில் வருவது என்ற பேச்சுக்கே இடமில்லை. தன் பெயர் முதலில் வேண்டும் என்று ஸ்கேலோடு வந்தவர்களை எனக்குத் தெரியும். முதலில் வேண்டவே வேண்டாம் என்று சண்டை போட்ட நான்கு பேரை அன்றுதான் பார்த்தேன். அந்த அம்மாவின் பெயர் முதலிலா கடைசியிலா என்று ஓட்டுப் போட்டார்கள். இரண்டுக்கு இரண்டு.

ஒரே கச்சேரி என்பதால் இன்று ஒரு விதம், நாளை ஒரு விதம் என்ற வழியும் இல்லை. குரல்கள் உயர்ந்தன. வயோலாக்காரர் எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றுகொண்டார். இரண்டாவது வயலின்காரர் தன் வில்லின் முடியைத் தளர்த்திக்கொண்டிருந்தார், கடையைச் சாத்துகிறவர் போல. மறுபடி சேர்ந்து எட்டு வருஷமாகக் கட்டிக் காத்தது நான் அடித்த ஒரு நோட்டீஸில் உடைவதா என்று நினைத்தேன்.

ஒரு நோட்டீஸை எடுத்து அதன் வெள்ளை ஓரத்தில் பேனாவால் நாலு கட்டம் போட்டேன். முதல் கட்டத்தில் 1, 2, 3, 4. இரண்டாவதில் 2, 3, 4, 1. மூன்றாவதில் 3, 4, 1, 2. கடைசியில் 4, 1, 2, 3. ஒவ்வொன்றின் கீழும் 100 என்று எழுதினேன். செயலாளரிடம் காட்டி, "கல்யாணத்துக்கு ரெண்டு வூட்லயும் தனித்தனியா அடிப்பாங்க இல்ல சார், அந்த மாதிரி. நாலு விதமா அடிச்சிடலாம். ஒவ்வொருத்தரும் ஒரு நூறுல மொதல்ல, ஒரு நூறுல கடைசி" என்றேன். வாழ்க்கையில் அதுவரை அவ்வளவு நீளமாக ஓர் அந்நியர் முன்னால் பேசியதில்லை.

செயலாளர் மொழிபெயர்க்க வாயைத் திறப்பதற்குள் இரண்டாவது வயலின்காரர் தாளை வாங்கிவிட்டார். எண்களுக்கு மொழி வேண்டியதில்லை. ஒவ்வொரு கட்டமாக விரல் வைத்துப் பார்த்தவர், உரக்கச் சிரித்தார். ஜன்னலில் நின்றவரைக் கூப்பிட்டார். நான்கு தலையும் அந்த நோட்டீஸின்மேல் குனிந்தன. இந்த முறை ஓட்டு நான்கும் ஒரு பக்கம்.

செயலாளரின் காரில் திரும்பினோம். இரண்டாவது வயலின்காரரும் கூடவே வருவேன் என்று ஏறிக்கொண்டார். வழியெல்லாம் எனக்கு மனசுக்குள் பக்க வடிவம் ஓடிக்கொண்டிருந்தது.

"இன்னாம்மா, நோட்டீஸ் குடுக்கப் போனா வெள்ளக்காரர இட்டுகினு வந்துட்ட?" என்றார் முதலாளி. விஷயத்தைச் சொன்னதும் தலையில் கை வைத்தார். "நாலு பேருக்கு நாலு நோட்டீஸா? கல்யாணத்துக்கே ரெண்டுதானம்மா. இவங்க இன்னா நாலு சம்பந்தி வூடா?"

"ஆமாங்க" என்றேன்.

அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். நான் எதிர்ப்பேச்சு பேசி அவர் கேட்டதில்லை. பிறகு மிஷின் ஓட்டும் அண்ணனிடம், "மதிய சாப்பாடு அப்புறம், நாலு அச்சு பிளேட் போடு" என்றார்.

எல்லாப் பெயரும் இருபத்திரண்டு பாயிண்ட். "பக்கவாத்தியம்" என்ற சொல்லை எடுத்தேன், ஒவ்வொரு பெயருக்கும் எதிரே வாத்தியத்தின் பெயர் மட்டும். வரலாற்றுப் பக்கத்தில் நாலாவது பாராவையும் சேர்க்கலாமா என்று செயலாளரைக் கேட்டேன். அவர் வந்தவரைக் கேட்டார். அவர் சற்று யோசித்துவிட்டுச் சேர்க்கச் சொன்னார். இடம் போதவில்லை, அடியில் இருந்த பூ வேலைப்பாட்டை எடுத்துவிட்டு அந்தப் பாராவை நானே தமிழில் எழுதினேன். செயலாளர் படித்துவிட்டு ஒரே ஒரு சொல்லை மாற்றினார். மூன்று மணிக்கு மை ஈரத்தோடு நானூறும் காருக்குள் இருந்தன. வந்தவர் நான்கிலும் ஒவ்வொன்று எடுத்து, வெளிச்சத்தில் பிடித்து, விரலால் அளந்தார். அளவு சரியாக இருக்கும் என்று எனக்குத் தெரியும், இருந்தாலும் அவர் அளக்கட்டும் என்று விட்டேன்.

ஹாலில் இன்னொரு பிரச்சினை காத்திருந்தது. செயலாளர் மேடைக்குப் பின்னால் என்னைக் கூப்பிட்டு ஒரு பையைத் திறந்து காட்டினார். ஒரு பட்டுச் சால்வை, மூன்று கதர்த் துண்டு.

"இதுக்கு என்ன செய்ய?"

"நாலும் ஒண்ணா இருக்கணும் சார்."

நகரியத்துக் கடைக்கு ஓர் ஆள் ஓடி இன்னொரு துண்டு வாங்கி வந்தார். பட்டுச் சால்வையைச் செயலாளரின் வீட்டம்மா, "நல்ல கலரு" என்று சொல்லித் தன் பைக்குள் வைத்துக்கொண்டார்.

நோட்டீஸ்களை நாற்காலிகளில் வைத்தது நான்தான். கட்டுகளைக் கலக்க வேண்டும் என்று அவசரத்தில் தோன்றவில்லை. பிரித்த வரிசையிலேயே வைத்துவிட்டேன். ஆகவே முன் இடப்பக்கம் உட்கார்ந்த நூறு பேருக்கும் செல்லோ இளைஞர் முதலில், முன் வலப்பக்கம் முழுவதும் அந்த அம்மா, பின்னால் இடது வயோலா, பின்னால் வலது இரண்டாவது வயலின். அடுத்த பக்கத்தில் வேறு நோட்டீஸ் இருப்பது யாருக்கும் தெரியாது.

கச்சேரி ஆரம்பித்தது. முதல் பத்து நிமிஷம் தாளம் போட முயன்ற கைகள் பாதியில் நின்றன. பிறகு ஹால் அமைதியாகிவிட்டது. நான் கடைசிச் சுவரோரம் நின்று பார்த்தேன். ஒவ்வொரு பகுதியும் ஒவ்வொருவரைப் பார்த்துக்கொண்டிருந்தது. முன் இடப்பக்கத்துப் பார்வை எல்லாம் செல்லோமேல். செல்லோ தணிந்து பின்னால் ஒலிக்கும்போதுகூட அவர்கள் அதைத்தான் கேட்டார்கள்.

இடைவேளையில் குழப்பம் வெடித்தது.

"அந்தப் பெரிய வாத்தியம் வச்சிக்கிற தாடிக்காரர்தான்யா மெயினு, நோட்டீஸ்லயே மொதல்ல கீது பாரு."

"இன்னாத்த பாக்கறது? என் நோட்டீஸ்ல அந்தம்மா பேரு கீது."

"ரெண்டு பேருமே பாக்கலபோல. கண்ணாடி போட்டுகினு, கொஞ்சம் பெரிய வயலினோட ஓரமா குந்தி வாசிச்சாரே, அவருதான். எங்க வரிசை பூரா அவருதான்."

"யோவ், ஒரே கச்சேரிக்கு எத்தினி மெயினுயா?"

செயலாளர் மைக்கைப் பிடித்து விளக்கம் சொல்லப் போனார். வேண்டாம் என்று நான் தூரத்திலிருந்து கையைக் காட்டினேன். அவர் என்ன நினைத்தாரோ, மைக்கை வைத்துவிட்டார்.

முடிந்தபோது ஒவ்வொருவராக எழுந்து வணங்கினார்கள். இரண்டாவது வயலின்காரர் எழுந்ததும் பின் வலப்பக்கத்து நூறு பேரும் எழுந்து நின்று கைதட்டினார்கள், விசில்கூட வந்தது. அவர் தனக்குப் பின்னால் யாராவது நிற்கிறார்களா என்று திரும்பிப் பார்த்தார். யாரும் இல்லை. அந்த அம்மா அவர் தோளைப் பிடித்து மெதுவாக முன்னால் தள்ளிவிட்டார்.

துண்டு போர்த்த நான்கு பேர் வேண்டும், ஒரே நேரத்தில். செயலாளர் மைக்கில் இருந்ததால் ஓர் ஆள் குறைந்தது. "வாம்மா, மேல வா" என்றார். நானூறு பேர் முன்னால் மேடை ஏறினேன். செல்லோ இளைஞருக்குப் பின்னால் நின்றேன். "ஒண்ணு, ரெண்டு, மூணு" என்று மைக்கில் எண்ணினார். நான் ஒரு நொடி பிந்திவிட்டேன். இளைஞர் தலையைக் குனிந்து துண்டின் ஒரு முனையைத் தானே இழுத்துப் போட்டுக்கொண்டார்.

எட்டு மணி பஸ்ஸில் இடம் கிடைத்தது. பின் இருக்கையில் இரண்டு பெண்கள் நோட்டீஸை விரித்துவைத்துக்கொண்டு தகராறு பண்ணிக்கொண்டிருந்தார்கள். வயோலாதான் மெயின் என்று ஒருவர், செல்லோ என்று இன்னொருவர். கொஞ்ச தூரம் கேட்டுக்கொண்டே வந்தேன். பிறகு திரும்பி, "நாலு பேருமே மெயினுதான். நான்தான் இத அடிச்சேன்" என்றேன்.

"நீயா? அப்புறம் ஏம்மா ஆளுக்கொரு விதமா அடிச்ச? எங்களுக்குள்ள சண்ட மூட்டவா?"

நோட்டீஸை வாங்கிப் பின்பக்கம் திருப்பி, நாலாவது பாராவைக் காட்டினேன். பஸ்ஸில் வெளிச்சம் போதவில்லை. அதனால் ஆரம்பத்திலிருந்து நானே சொன்னேன்: டயர் பட்டறை, வேன், பெல்ட் போட்ட செல்லோ, ஒன்றரை வருஷம், கடிதங்கள். முன் இருக்கைக்காரரும் திரும்பி உட்கார்ந்து கேட்டார். செங்கல்பட்டு வந்து கண்டக்டர் விசில் அடித்தபோதும் எனக்குச் சொல்ல மிச்சம் இருந்தது.